இருபத்தாறாவது வரி

"எழுதும்போது கை நடுங்கினால்..." என்று ஆரம்பிப்பார் அப்பா. அதற்கப்புறம் என்னவோ சொல்வார், அந்த மீதிதான் காலையிலிருந்து வரமாட்டேன் என்கிறது. நடுங்கினால் எழுதுகோலைக் கீழே வை என்றா, நடுங்கினால் நீ எழுத்தனே இல்லை என்றா, நடுங்கினால் செத்தவருக்கு வழி தப்பிவிடும் என்றா. ஏழு வயதில் இதே பட்டறையில், சம்மணம் போட்டு உட்கார்ந்து, இடுப்புத்துணியை இரண்டு முட்டிக்கும் நடுவே இறுக்கி, அதையே பலகையாக்கி எழுதப் பழகியபோது கேட்ட வாக்கியம். முதல் பாதி அவர் குரலோடும் வெங்காய வாசனையோடும் அப்படியே இருக்கிறது. பின்பாதியை யாரோ ஈரத்துணியால் துடைத்துவிட்ட மாதிரி. இப்போது எனக்கு நாற்பத்தெட்டு. கை நடுங்குகிறது. அப்பா ஆற்றங்கரையில், உடலைப் பதப்படுத்துகிறவர்களின் கூடாரத்தில் இருக்கிறார். இன்று அறுபத்தேழாவது நாள். உப்பில் கிடத்தியதெல்லாம் முடிந்து துணி சுற்றிக்கொண்டிருப்பார்கள், எழுபதாவது நாள் கல்லறைக்கு எடுத்துப்போகிறோம். உச்சிவெயிலுக்குக் கூடாரத்து ஆள் இந்தச் சுருளை வாங்கிப்போக வருவான். தொடைகளுக்கு நடுவே வைத்து, அதற்கு மேலே துணி சுற்றுவார்கள். அதற்குள் எல்லா இடத்திலும் அப்பாவின் பெயரை நிரப்பிவிட வேண்டும். சுருள் எங்கள் பட்டறைச் சரக்குதான். எழுதி, படம் போட்டு, பெயர் வரவேண்டிய இடங்களை மட்டும் வெறுமையாக விட்டு ஜாடிகளில் அடுக்கி வைத்திருப்போம். சாவு விழுந்தால் வருவார்கள், பெயர் சொல்வார்கள், நிரப்பிக் கொடுப்போம். செத்தவர்கள் போகிற மேற்குலகத்தில், நீதி மண்டபத்தில், நாற்பத்திரண்டு நீதிபதிகள். ஒவ்வொருவர் முன்னாலும் நின்று ஒரு குற்றத்தை மறுக்க வேண்டும். ஒசிரிஸ் ஆகிவிட்ட, செத்தவர்கள் எல்லாரையும் மேற்கின் தெய்வத்தின் பெயரால் அப்படித்தான் சொல்வோம், பிறகு இரண்டு விரல்கடை வெற்றிடம், பிறகு 'திருடவில்லை'. ஒசிரிஸ் ஆகிவிட்ட, வெற்றிடம், 'வாய்க்காலை மறிக்கவில்லை'. நாற்பத்தொன்றை நிரப்பிவிட்டேன். 'பொய் சொல்லவில்லை' என்பதைக்கூட நிரப்பிவிட்டேன். அந்த வரியை எல்லாருக்கும்தான் எழுதுகிறோம், பீரில் தண்ணீர் கலந்து விற்றவளுக்கும் போன மாதம் எழுதினேன். இருபத்தாறாவது வரியில்தான் நிற்கிறேன். ஒசிரிஸ் ஆகிவிட்ட, வெற்றிடம், யாரையும் அழவைக்கவில்லை. அங்கே மூன்று தடவை நக்தூ என்று எழுதினேன். மூன்று தடவையும் நாக்கால் நக்கி அழித்தேன். நாங்கள் அப்படித்தான் அழிப்போம், ஈரம் காய்வதற்குள் குனிந்து ஒரு நக்கு. கரியும் பிசினும் கலந்த ருசி, கொஞ்சம் கசப்பு, அடியில் ஒரு மெல்லிய இனிப்பு. மூன்று தடவை அப்பாவின் பெயரை விழுங்கியிருக்கிறேன். அந்த இடத்தில் பாப்பிரஸ் சாம்பல் நிறமாகி, நார் எழும்பி நிற்கிறது. நாலாவது தடவை நக்கினால் ஓட்டை விழும்.

"நாக்கைக் காட்டு" என்கிறான் காஹா, அந்தப் பக்கத்துப் பாயிலிருந்து. படம் போடுகிறவன் அவன், பள்ளியில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அடி வாங்கியவன். "காட்டமாட்டியா? பரவாயில்ல, உதட்டைப் பார்த்தாலே தெரியுது. என்னய்யா எழுத்துப் பிழை, நக்தூன்னு ஒரு பேரு, அதுல பிழை விட என்ன இருக்கு?" அவன் வேறொரு சுருளில் தராசுக்குப் பக்கத்தில் விழுங்குகிறவளை வரைந்துகொண்டிருக்கிறான். முதலைத் தலை, சிங்கத்தின் முன்னுடம்பு, நீர்யானையின் பின்பக்கம். தராசில் ஒருவனுடைய இதயம் இறகைவிடக் கனத்தால் அதை எடுத்து அவள் வாயில் போட்டுவிடுவார்கள். அதோடு அவன் இல்லை. முதல் சாவுக்குப் பிறகு மேற்கு இருக்கிறது, இரண்டாவது சாவுக்குப் பிறகு ஒன்றுமில்லை. "நாப்பது வருஷமா வரையறேன் இவளை" என்கிறான் காஹா. "ஒரு தடவையாவது இவளுக்குச் சோறு போட்டிருப்பேனா? வாயைத் திறந்து வச்சுக்கிட்டு உட்கார்ந்தே இருக்கா, பாவம். எவன் சுருள் வாங்கினாலும் தேறிடறான்." மற்றவர்கள் சிரிக்கிறார்கள். உண்மைதான், யாரும் அவள் தின்பதை வரைந்ததில்லை. வரைந்தால் நடந்துவிடும். எழுதினாலும் அப்படித்தான், அதனால்தானே இந்தப் பிழைப்பு. எழுதியது நடக்கும், எழுதாதது நடக்காது. அந்த இரண்டு விரல்கடையை வெறுமையாக விட்டு மேலே ஒரு மெழுகுப் பூச்சு பூசிச் சுருட்டிவிட்டால் கூடாரத்து ஆளுக்குத் தெரியாது, பூசாரிக்குத் தெரியாது. மண்டபத்தில் நடந்துகொண்டே வருவார் அப்பா, முட்டிவலியோடு, ஒரு கையால் சுவரைத் தடவிக்கொண்டு, இருபத்தைந்து பேருக்கும் பதில் சொல்லிவிட்டு இருபத்தாறாவது ஆளின் முன்னால் வாயைத் திறப்பார், அங்கே அவருக்குக் குரல் இருக்காது. நான் நினைத்தால் காஹா வரைகிற விழுங்குகிறவளுக்கு இன்று சோறு கிடைக்கும். இந்த நினைப்பு வந்ததும் பல்லுக்குப் பின்னால் கரி ருசி மறுபடியும் ஊறுகிறது. "உனக்குன்னு ஒரு சுருள் வாங்கி வச்சிருக்கியே கென்னா" என்கிறான் காஹா விடாமல். "ஏற்கெனவே செத்தவனுக்கு எதுக்குய்யா சுருள்?"

இந்த ஊரில் என்னைச் செத்தவர் என்றுதான் சொல்கிறார்கள். முகத்துக்கு நேரே வேடிக்கையாக, முதுகுக்குப் பின்னால் வேறு மாதிரி. எட்டு மாதத்துக்கு முன்னால் தேவதாரு மரம் ஏற்றிவந்த கப்பலில், வடக்கே கடலுக்கு அப்பால் இருக்கிற கெபென் துறைமுகத்திலிருந்து திரும்பி வந்தேன். நைலைப் படகில் கடந்து மேற்குக்கரை மேட்டில் ஏறி வந்தபோது கிணற்றடியில் நின்ற பெண்கள் என் காலைப் பார்த்தார்கள். முகத்தையல்ல, காலை. அப்புறம் காலடியில் நிழல் விழுகிறதா என்று பார்த்தார்கள். எனக்குப் புரியவில்லை. மறுநாள் குடும்பக் கல்லறையின் முன்மண்டபத்துக்குப் போனபோதுதான் புரிந்தது. சுவர்ச் சித்திரத்தில் அப்பாவும் அம்மாவும் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார்கள், பிள்ளைகள் வரிசையாகத் தாமரை கொண்டுவருகிறோம். முதலில் நான், இளைஞனாக, ஒல்லியாக, என்னிடம் எப்போதும் இருந்திராத தோள்களோடு. தலைக்குமேல் என் பெயர். பெயருக்குப் பின்னால் 'சொல் மெய்த்தவன்'. செத்துப்போய்த் தீர்ப்பில் ஜெயித்தவர்களுக்கு மட்டும் போடுகிற பட்டம். பத்தொன்பது வருஷமாக நான் அந்தச் சுவரில் செத்திருக்கிறேன். வருஷா வருஷம் பள்ளத்தாக்குத் திருவிழாவில் எனக்கு ரொட்டியும் பீரும் வாத்துக்கறியும் வைத்திருக்கிறார்கள், என் பெயரை உரக்கச் சொல்லியிருக்கிறார்கள். "அதெல்லாம் எங்கய்யா போச்சு, வந்து சேர்ந்துச்சா உனக்கு?" என்று காஹா முதல் நாளே கேட்டான். சிரித்தேன், ஆனால் அந்தக் கேள்வி உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது. கெபெனில் சில நாள் காரணமில்லாமல் பசிக்காது. தட்டைத் தள்ளி வைப்பேன், தலயா, என் மனைவி, நெற்றியில் கைவைத்துப் பார்ப்பாள். அந்த நாட்களெல்லாம் திருவிழா நாட்களா? நாள் குறித்து வைத்தவன் யார். பசி இல்லாமல் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றேனே, அப்போது இங்கே அம்மா குனிந்து சுவரில் இருக்கிற என் காலடியில் ரொட்டியைப் பிட்டு வைத்துக்கொண்டிருந்தாளா? வந்ததும் எல்லாரும் சொன்னார்கள், யாரோ வழிப்போக்கன் தப்பான சேதி கொண்டுவந்துவிட்டான் என்று. நானும் நம்பினேன். அப்பாவுக்குக் கண் ஏறக்குறையப் போயிருந்தது. என் முகத்தை இரண்டு கையாலும் தடவிப் பார்த்தார், காதுமடலைப் பிடித்து இழுத்துப் பார்த்தார், "வந்துட்டியா. உங்கம்மாகிட்ட சொல்லணும்" என்றார், அவ்வளவுதான். அம்மா போய் ஒன்பது வருஷம். என் கையைப் பிடித்துக்கொண்டு கல்லறை வரை நடந்து, என்னை வெளியில் நிற்கச் சொல்லிவிட்டு, உள்ளே சுவரில் இருக்கிற அம்மாவுக்கு முன்னால் உட்கார்ந்து பேசினார். வெகுநேரம். வார்த்தை ஒன்றும் கேட்கவில்லை, முணுமுணுப்பு மட்டும், நடுவில் நடுவில் பதிலுக்குக் காத்திருப்பதுபோல ஒரு நிறுத்தம். நான் வெயிலில் நின்று தேளுக்குப் பயந்து காலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தேன். நல்ல சேதியைச் சொல்ல இவ்வளவு நேரமா என்று நினைத்தேன். வெளியே வந்தவர் முகத்தைத் துடைத்துக்கொள்ளவில்லை. அது நல்ல சேதி இல்லை என்பது நான்கு நாளைக்கு முன்னால்தான் தெரிந்தது.

கல்லறையில் கூட வைப்பதற்கு அவருடைய மைப்பலகையை எடுக்கப்போனேன். மரப்பெட்டிக்கு அடியில் ஒரு துணி முடிச்சு. உள்ளே என் கடிதங்கள். கெபெனிலிருந்து நான் எழுதிய நான்கு. 'இந்த வருஷம் வரமுடியவில்லை, தலயாவுக்கு உடம்பு சரியில்லை, அடுத்த வருஷ வெள்ளத்துக்கு வருகிறேன்.' அதுதான் முதலாவது. பிறகு ஒன்று, பிறகு ஒன்று. முதலாவதைத் தவிர எல்லாம் நான் செத்தபிறகு எழுதியவை. மடிப்பு மடிப்பாகப் பிரித்துப் பிரித்துப் படித்து, மடிப்பில் எழுத்தே போய்விட்டிருந்தது. ஒரு மடிப்பில் அம்மா என்ற சொல் இருந்த இடம் வெறும் நாராகத் தொங்கியது. இத்தனை தடவை படித்திருக்கிறார். அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, பக்கத்தில்தான் படுத்திருப்பாள். அதே முடிச்சில் ஒரு சுண்ணாம்புக்கல் சில்லு, அதில் அப்பாவின் கையெழுத்தில் ஒரு நகல்: 'என் மகன் கென்னா கெபென் நாட்டில் காய்ச்சலில் இறந்தான் என்று மன்னர் பெயரால் சத்தியம் செய்கிறேன்.' நான்காம் மாதம், பதினெட்டாம் நாள். கப்பல் கணக்குப்படி என் முதல் கடிதம் அவருக்கு வந்து சேர்ந்திருக்கும் அதற்குப் பதினைந்து நாள் முன்னால். அப்படியென்றால் வழிப்போக்கன் யாரும் வரவில்லை. நான் உயிரோடிருக்கிறேன் என்று படித்தபிறகு நான் செத்தேன் என்று எழுதியிருக்கிறார். ஏன்? அந்நியப் பெண்ணைக் கட்டிக்கொண்டதற்காகவா? மானம் போயிற்று என்றா? தலை முழுகுவதென்றால் முழுகிவிட்டுப் போகட்டும், ஆனால் அம்மா? நான்கு நாளாக இங்கேதான் சுற்றிச் சுற்றி வருகிறேன், செக்குமாடு மாதிரி. அம்மா பத்து வருஷம் அழுதாள். அழுகை என்றால் ஊர்வலத்தில் கூலிக்கு அழுகிறவர்களின் அழுகை இல்லை. மாவு பிசையும்போது, தண்ணீர் தூக்கும்போது, சும்மா உட்கார்ந்திருக்கும்போது. மெரூத், என் தங்கை, சொல்லியிருக்கிறாள், அம்மாவின் ரொட்டியில் எப்போதும் உப்பு ஒரு கல் கூடுதலாக இருக்கும் என்று. இதையெல்லாம்கூடத் தாங்கிக்கொள்ளலாம். அந்தக் கிண்ணத்தைத்தான் தாங்க முடியவில்லை. கல்லறை முன்மண்டபத்தில், சுவரில் நான் இருக்கிற இடத்துக்குக் கீழே, ஒரு மண்கிண்ணம். உள்பக்கம் சுற்றிச் சுற்றி எழுத்து. செத்தவர்களுக்குக் கடிதம் எழுதுவது எங்கள் வழக்கம். கிண்ணத்துக்குள் எழுதி அதில் சோறு வைத்தால், சாப்பிட வருகிறவர் சாப்பிட்டு முடிக்கும்போது படித்துவிடுவார். 'கென்னா, அம்மா பேசுகிறேன். ரொட்டி வந்து சேருகிறதா? அந்த ஊர்க் குளிர் இன்னும் எலும்பில் இருக்கிறதா? மெரூத்துக்கு விட்டுவிட்டுக் காய்ச்சல் வருகிறது, நீ அங்கே பெரியவர்களிடம் ஒரு வார்த்தை சொல். என் மேல் கோபமா? கனவில் ஒரு தடவைகூட வரவில்லையே. நான் என்ன தப்பு செய்தேன், சொல்லிவிட்டுப் போ.' அம்மா சொல்லச் சொல்ல எழுதியவர் அப்பா. வேறு யாரிடம் போவாள், வீட்டிலேயே எழுத்தர் இருக்கும்போது. உயிரோடிருக்கிற பிள்ளைக்கு, அவன் கடிதம் பெட்டிக்குள் இருக்கும்போதே, செத்தவர்களுக்கு எழுதுகிற கடிதம். என்ன எழுத்து! ஒரு பிசிறு இல்லை, ஒரு வளைவு சறுக்கவில்லை, பட்டறைப் பையன்களுக்கு மாதிரியாகக் காட்டலாம். கை நடுங்கவில்லை. எழுதும்போது கை நடுங்கினால், எழுதும்போது கை நடுங்கினால்... அவருக்கு நடுங்கவே இல்லையே, பிறகு எனக்கென்ன போதனை.

கெபெனில் இந்தத் தொல்லை இல்லை. அங்கே களிமண். ஈரக்களிமண்ணை உள்ளங்கையில் தட்டையாக்கி முனை வெட்டிய குச்சியால் குத்திக் குத்தி எழுத வேண்டும். பிழை வந்தால் கட்டைவிரலால் ஒரு அழுத்து, மறுபடி வெறுமை. ருசிக்க வேண்டியதில்லை. மன்னர்களுக்குள் கடிதம் இப்படிக் களிமண்ணில் எழுதுகிற மொழியில்தான் போகும், அதனால்தான் பள்ளியில் என்னையும் இன்னும் மூன்று பேரையும் பிரித்து அதைத் தனியாகச் சொல்லிக்கொடுத்தார்கள், அதனால்தான் இருபத்து நான்கு வயதில் என்னைக் கப்பலேற்றினார்கள். ஐந்து வருஷத்துக்கு என்று சொல்லி. பாப்பிரஸில் வலமிருந்து இடம், களிமண்ணில் இடமிருந்து வலம். இரண்டு வருஷத்தில் கனவு எந்தப் பக்கமிருந்து வருகிறது என்றே தெரியாமல் போயிற்று. தலயாவிடம் அவள் பேச்சில் பேசினேன், அந்தப் பேச்சில் எனக்கு அப்பா இல்லை, பள்ளிப் பிரம்பு இல்லை, மன்னர் இல்லை, வயது இருபத்து நான்குக்குக் கீழே எதுவுமே இல்லை. எவ்வளவு லேசாக இருந்தது. ஐந்தாவது வருஷம் திரும்பி வரச்சொல்லி ஓலை வந்தபோது அவளுக்கு மூன்றாவது குழந்தையும் தங்காமல் போயிருந்தது, எழுந்து நடக்கவே முடியவில்லை. அடுத்த வெள்ளம், அதற்கடுத்த வெள்ளம். அப்பாவிடமிருந்து பதிலே இல்லை. கோபம் என்று நினைத்தேன், சரி எனக்கும் கோபம் வரும் என்று நானும் எழுதுவதை நிறுத்தினேன். நான்கு கடிதம், அவ்வளவுதான் ஒரு பிள்ளை. இரண்டு வருஷத்துக்கு முன்னால் தலயா போனாள். அவர்கள் வழக்கப்படி வீட்டுத் தரையைத் தோண்டி, முட்டியை மார்போடு மடக்கி வைத்து, பக்கத்தில் ஒரு குடம் எண்ணெய். துணி சுற்றவில்லை, சுருள் இல்லை, மறுக்க வேண்டிய நாற்பத்திரண்டு குற்றமும் இல்லை. அவள் எங்கே போனாள் என்று எனக்கு எந்த மொழியிலும் தெரியாது. அந்தத் தரைமேல் பாய் போட்டுப் படுக்க முடியாமல்தான் கப்பலேறினேன். அப்பாவைப் பார்க்க என்று யாரிடமும் சொல்லவில்லை, எனக்கே சொல்லிக்கொள்ளவில்லை.

நிழல் வாசற்படிக்கு உள்ளே வந்துவிட்டது. மெரூத் வருகிறாள், தலையில் கூடை, இடுப்பில் கை, அம்மாவின் நடை. "சாப்பிட்டியா? எங்க சாப்பிட்டிருப்ப" என்று கேள்வியும் பதிலும் அவளே சொல்லிக்கொண்டு ரொட்டி, வெங்காயம், உப்பு மீன் எல்லாவற்றையும் பாயின் ஓரத்தில் வைக்கிறாள். காஹா எட்டிப் பார்க்கிறான். "செத்தவருக்கு மட்டுந்தானா மீனு? உயிரோட இருக்கிறவன் ஒருத்தன் இங்க இருக்கேம்மா." "உன் பெண்டாட்டி உயிரோடதான இருக்கா? போய்க் கேளு" என்கிறாள் மெரூத், ஆனாலும் ஒரு துண்டு மீனைக் கிள்ளிக் கொடுக்கிறாள். பிறகு என் உதட்டைப் பார்க்கிறாள். "என்ன அண்ணா, சின்னப்பிள்ளை மாதிரி வாயெல்லாம் கரி. முடிஞ்சிதா அப்பாவோடது?" ஒரு வரி பாக்கி என்கிறேன். கை நடுங்குகிறது என்கிறேன். நடுங்கினால் என்ன செய்யவேண்டும் என்று அப்பா ஒன்று சொல்வாரே, உனக்கு ஞாபகம் இருக்கிறதா என்று கேட்கிறேன். அவள் வெங்காயத்தை உரித்துக்கொண்டே, யோசிக்கக்கூட இல்லை, "நடுங்கினா எழுந்து போய்க் கையைத் தண்ணியில வச்சிட்டு வா. செத்தவங்களுக்கு என்ன அவசரம், காத்துக்கிட்டு இருப்பாங்க. அதான? எனக்கு எழுத்தே சொல்லித் தரல, இதை மட்டும் நூறு தடவை கேட்டிருக்கேன்" என்கிறாள். இவ்வளவுதானா! நான் பிரம்பையும் சாபத்தையும் தேடிக்கொண்டிருந்தேன், அவர் சொன்னது தண்ணீர். "அப்பாவுக்குக் கை நடுங்கி நான் ஒரே ஒரு தடவை பார்த்திருக்கேன்" என்கிறாள் மெரூத். "எப்போ?" "நீ செத்துப்போன வருஷம்." இந்த ஊரில் இப்படிப் பேசுவது சகஜமாகிவிட்டது. "சேதி வந்தப்பவா?" "இல்ல, அதுக்கு முன்னாடி. நகரத்துலேர்ந்து ரெண்டு பேர் வந்தாங்க, இடுப்புல கயிறு. எனக்குப் பதிமூணு வயசு. அப்பா அவங்களை உட்கார வச்சு பீர் ஊத்தினாரு, குவளைக்கு வெளியில பாதி. அதுல ஒருத்தன் என் கையைப் பிடிச்சுத் திருப்பித் திருப்பிப் பார்த்தான், மாடு பாக்கிற மாதிரி. இது நல்லா நெய்யும்னான். பத்து நாள்ல வர்றோம்னு சொல்லிட்டுப் போனாங்க." "ஏன் வந்தாங்களாம்?" "யாருக்குத் தெரியும்? எனக்கும் அம்மாவுக்கும் ஒண்ணும் சொல்லல. அம்மா கேட்டதுக்கு மரம் கொண்டுபோற ஆளுங்கன்னாரு. அப்புறம் ஏழெட்டு நாள்ல உன் சேதி வந்திருச்சு, அம்மா தரையில விழுந்து அழுதா பாரு, தெருவே வந்து நின்னுச்சு. அவனுங்க மறுபடி வந்தானுங்க. வாசல்ல நின்னு அம்மாவைப் பார்த்தானுங்க. பார்த்துட்டு ஒரு வார்த்தை பேசாம திரும்பிப் போயிட்டானுங்க. அவனுங்களுக்கும் தாய் இருக்கும்ல." ரொட்டியைப் பிட்டு என் கையில் வைக்கிறாள். "சாப்பிடு. ஏன் இப்படிப் பார்க்கிற?"

அவள் கையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். முப்பத்திரண்டு வயது கை, விரலில் வெங்காயத் தோல் ஒட்டிக்கொண்டிருக்கிறது, நகத்துக்குள் மாவு. அவள் போனபிறகும் அந்தக் கை பாயின் ஓரத்தில் இருக்கிறது. கயிறு. எனக்கு அந்தக் கயிற்றைத் தெரியும். பத்து வயதில் பள்ளியில் எல்லாரும் நகலெடுத்த மாதிரிக் கடிதம்: 'குறித்த காலத்தில் மன்னர் பணிக்குத் திரும்பாதவன் ஓடிப்போனவன். அவன் அகப்படும்வரை அவன் வீட்டாரை நெசவுக் கொட்டடியில் வைத்து வேலை வாங்குக.' அழகான வாக்கியம் என்று ஆசிரியர் அதைத்தான் திரும்பத் திரும்ப எழுதவைப்பார், அதில் எல்லா வளைவும் வரும். நூறு தடவை எழுதியிருக்கிறேன். முதுகில் அடி வாங்கி எழுதியிருக்கிறேன். ஆனால் கெபெனில், தலயாவின் படுக்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அடுத்த வெள்ளத்துக்கு வருகிறேன் என்று எழுதியபோது அது ஞாபகம் வரவில்லை. வரவே இல்லையா? பொய் சொல்லாதே. வந்தது. ஓரமாக, கடலுக்கு அந்தப் பக்கத்தில் யாரோ யாருக்கோ சொல்கிற மாதிரி வந்தது. எழுத்தர் வீட்டில் கைவைப்பார்களா என்று நினைத்தேன், அப்பா பார்த்துக்கொள்வார் என்று நினைத்தேன். பார்த்துக்கொண்டார். ஓடிப்போனவன் வீட்டுக்குத்தான் கயிறு வரும், செத்தவன் வீட்டுக்கு வராது. பத்து நாளில் ஒரு பிள்ளையைக் கொன்றுவிட்டு மனைவியையும் பெண்ணையும் வைத்துக்கொண்டார். சத்தியத்தில் அவர் முத்திரை இருந்தது, ஆனால் அது போதாது, எழுத்தர்கள் சத்தியம் செய்வது அதிகாரிகளுக்குத் தெரியாததா. அம்மாவின் அழுகைதான் முத்திரை. அதனால்தான் அவளிடம் சொல்லவில்லை. அன்றைக்குச் சொல்லாதது சரி, பிறகு? ஆட்கள் போனபிறகு, ஒரு வருஷம் கழித்து, மூன்று வருஷம் கழித்து? சொன்னால் அழுகை நின்றுவிடும். நின்றால் தெரு கேட்கும், கிணற்றடி கேட்கும். அம்மாவுக்கு முகத்தில் எதையும் ஒளிக்கத் தெரியாது, ஒரு நல்ல மீன் வாங்கினால்கூட அடுத்த தெருவுக்குத் தெரிந்துவிடும். அழவிட்டுக்கொண்டே இருந்தார். பக்கத்தில் படுத்து, கேட்டுக்கொண்டே, பெட்டிக்குள் கடிதத்தை வைத்துக்கொண்டு. கிண்ணம் கொண்டுவந்து எழுதிக்கொடு என்றதும் எழுந்து போய்க் கையைத் தண்ணீரில் வைத்துவிட்டு வந்திருக்கிறார். எத்தனை நேரம் வைத்தாரோ. ஒரு பிசிறு இல்லாமல் எழுத எத்தனை நேரம் வைக்கவேண்டும்.

எழுந்து வெளியே போனேன். பட்டறைக்குப் பின்னால் சுவரோரம் பெரிய தண்ணீர்ச் சாடி, கழுதைகள் ஆற்றிலிருந்து கொண்டுவருகிற தண்ணீர், அடியில் வண்டல். மணிக்கட்டு வரைக்கும் உள்ளே விட்டேன். குளிர்ச்சி முதலில் வலித்தது, அப்புறம் கை எனக்குச் சொந்தமில்லாதது மாதிரி ஆயிற்று. வாயைக் கொப்பளிக்கலாமா என்று தோன்றியது, கொப்பளிக்கவில்லை. மேட்டில் வெயில் செங்குத்தாக இறங்கிக்கொண்டிருந்தது, கீழே ஆற்றங்கரையில் கூடாரத்தின் வெள்ளைத் துணி தெரிந்தது, அதிலிருந்து ஒரு ஆள் புறப்பட்டுச் சரிவில் ஏறத் தொடங்கியிருந்தான், தலைக்குத் துணி போட்டுக்கொண்டு, அவசரமில்லாமல். யாரையும் அழவைக்கவில்லை. மண்டபத்தில் அந்த வரியை அப்பா சொல்லும்போது இருபத்தாறாவது ஆள் அவரைப் பார்ப்பார். அப்படியானால் அழவைத்தது யார் என்று கேட்பார், கேட்காமல் இருப்பாரா, அதற்குத்தானே உட்கார்ந்திருக்கிறார். அம்மா அங்கேதான் எங்கேயாவது இருப்பாள். நான் செத்துப்போய் அவளுக்கு முன்னாலேயே வந்திருப்பேன் என்று நம்பி வந்தவள். ஒன்பது வருஷமாக வாசலில் நின்று தேடியிருப்பாள், வருகிறவர்களையெல்லாம் கேட்டிருப்பாள், என் மகன் கென்னா, ஒல்லியாக இருப்பான், இங்கேதான் இருக்கவேண்டும். இப்போது அப்பா போய்ச் சொல்வார். இல்லை, சொல்லிவிட்டார், அன்றைக்குச் சுவருக்கு முன்னால் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். நடுவில் நடுவில் நிறுத்தினாரே. அவள் என்ன பதில் சொன்னாளோ. கேட்டுக்கொண்டு நின்றிருக்க வேண்டியவன் வெளியில் காலை மாற்றி மாற்றி வைத்துக்கொண்டிருந்தேன். கை உணர்வில்லாமல் போகும்வரைக்கும் வைத்திருந்தேன். துடைக்காமல் உள்ளே வந்தேன், உதறிக்கொண்டு, "சுருள்ல சொட்டாத" என்று காஹா கத்தினான். சம்மணம் போட்டு உட்கார்ந்து இடுப்புத்துணியை இறுக்கினேன். கோலை மென்று முனையைப் பிரித்தேன். நார் எழும்பிய அந்தச் சாம்பல் இடத்தை வழுவழுப்பான கல்லால் மெதுவாகத் தேய்த்துப் படியவைத்தேன். மையைத் தொட்டு, ஒசிரிஸ் ஆகிவிட்ட என்பதற்குப் பக்கத்தில், நக்தூ, சொல் மெய்த்தவன் என்று எழுதினேன். காயும்வரைக்கும் வாயை மூடிக்கொண்டு பார்த்துக்கொண்டிருந்தேன். வாசலில் கூடாரத்து ஆள் மூச்சுவாங்கிக்கொண்டு நின்றான், சுருட்டிக் கொடுத்தேன், தண்ணீர் கேட்டான், காஹா எடுத்துக் கொடுத்தான்.

வீட்டு ஜாடியில் இருக்கிற என் சுருளில், இருபத்தாறாவது வரியில் மட்டும் பெயர் எழுதுவதில்லை என்று முடிவு செய்தேன்.